‘டிஎல்எல் காணோம்’ என்று கணினி நின்றுவிட்டால்: எந்த வழியில் சரிசெய்வது?

காலையில் கடை திறந்து பில் போடும் மென்பொருளை இரட்டைக் கிளிக் செய்தால், நடுத்திரையில் ஒரு சின்னப் பெட்டி வந்து நிற்கிறது. இன்ன பெயருள்ள டிஎல்எல் இந்தக் கணினியில் இல்லை, அதனால் தொடங்க முடியவில்லை, மறுபடி நிறுவிப் பாருங்கள் என்று ஆங்கிலத்தில் எழுதியிருக்கிறது. கம்பத்து ஏலக்காய்க் கடை, கூடலூர் டிடிபி சென்டர், மலையேறினால் குமுளி மசாலாக் கடை, வண்டிப்பெரியாறு ஸ்டுடியோ, எங்கே வந்தாலும் அடுத்து நடக்கும் பேச்சு ஒன்றுதான்.

“அண்ணே, ஏதோ டிஎல்எல் இல்லேங்குது. நெட்டுல இருந்து எறக்கிப் போட்ரவா?”

“போடாத தம்பி. மொதல்ல அந்தப் பொட்டிய அப்படியே போட்டோ எடுத்து அனுப்பு.”

இறக்கிப் போடுவது ஒரு வழிதான், ஆனால் ஒரே வழி அல்ல. பெரும்பாலும் அதுவே மோசமான வழி. டிஎல்எல் என்பது பல மென்பொருள்கள் பொதுவில் பயன்படுத்தும் பாகம். அது தனியாகப் பிறப்பதில்லை. ஏதோ ஒரு தொகுப்போடு கணினிக்குள் வருகிறது. காணாமல்போன கோப்பின் பெயரைத் தேடுபவர் அலைவார். அது எந்தத் தொகுப்பிலிருந்து வந்தது என்று தேடுபவர் பத்து நிமிடத்தில் வேலையை முடிப்பார். இந்தக் கட்டுரை சொல்ல வருவது அதைத்தான். அந்தப் பொது விதிக்கு ஒரு விலக்கும் உண்டு, அது பின்னால் வருகிறது.

## எதை வைத்து அளப்பது

ஒவ்வொரு வழியையும் ஐந்து கேள்விகளால் அளக்கிறோம்.

முதலாவது, பிழை திரும்ப வருமா? இன்று மறைந்து நாளை வேறு பெயரில் வந்தால் அது தீர்வாகாது. இரண்டாவது, வரும் கோப்பை நம்பலாமா, அதில் தயாரித்தவரின் டிஜிட்டல் கையொப்பம் இருக்கிறதா? மூன்றாவது, ஒன்றைச் சரிசெய்யப்போய் நன்றாக ஓடிக்கொண்டிருக்கும் இன்னொன்றைக் கெடுக்குமா? நான்காவது, தவறிப்போனால் பழைய நிலைக்குத் திரும்ப முடியுமா? ஐந்தாவது நேரமும் டேட்டாவும். ஐயப்ப சீசனில் குமுளிக் கடையில் பில் ஒரு மணி நேரம் நின்றால் அது நிஜமான நட்டம். மலைச்சரிவில் சிக்னல் வந்துபோகும் இடத்தில் 5 ஜிபி இறக்குவதும் 25 எம்பி இறக்குவதும் ஒன்றல்ல.

பணத்தைத் தனி அளவுகோலாக வைக்கவில்லை. கீழே சொல்லும் மைக்ரோசாஃப்ட் தொகுப்புகள் எல்லாமே இலவசம். இதற்குக் காசு கேட்கும் எதையும் சந்தேகப்படுங்கள்.

## வழியைத் தேர்வதற்கு முன்

கோப்பின் பெயரை எழுத்து பிசகாமல் குறித்துக்கொள்ளுங்கள். போனில் எழுத்தெழுத்தாகச் சொன்னால் ‘பி’யும் ‘ஆர்’உம் மாறிப்போகும். எம்எஸ்விசிபி100 வேறு, எம்எஸ்விசிஆர்100 வேறு. இவை இரண்டும் ஒரே தொகுப்பில் வருபவை என்பதால் தப்பித்துக்கொள்ளலாம். ஆனால் 100, 110, 120, 140 என்ற எண் மாறினால் தொகுப்பே மாறிவிடும். போட்டோ கேட்பது அதனால்தான்.

அடுத்து, ஆன்டிவைரஸ் அந்தக் கோப்பைத் தூக்கியிருக்கிறதா என்று பாருங்கள். விண்டோஸ் செக்யூரிட்டியில் ‘ப்ரொடெக்ஷன் ஹிஸ்டரி’யைத் திறந்தால் எந்தக் கோப்பை எப்போது அடைத்துவைத்தது என்று தெரியும். நேற்றுவரை ஓடிய மென்பொருள் இன்று திடீரென்று பாகம் இல்லை என்றால் முதலில் பார்க்க வேண்டிய இடம் இது. கிராக் செய்த ஆல்பம் மென்பொருளிலும் விளையாட்டிலும் இப்படித்தான் நடக்கும். அங்கே கோப்பை மீட்டுக் கொடுப்பது பழுதுபார்ப்பது ஆகாது, வைரஸுக்குக் கதவைத் திறந்துவிடுவது.

கடைசியாக, ஓடாத மென்பொருள் 32 பிட்டா 64 பிட்டா? அது ‘ப்ரோகிராம் ஃபைல்ஸ்’ என்பதன் பக்கத்தில் எக்ஸ்86 என்று எழுதிய ஃபோல்டரில் இருந்தால் பெரும்பாலும் 32 பிட். நம் பக்கத்துப் பில்லிங் மென்பொருள்களில் பாதிக்குமேல் அப்படித்தான் இருக்கும், விண்டோஸ் 64 பிட்டாக இருந்தாலும்கூட.

## ஒரே பார்வையில்

| வழி | பிழை திரும்புமா | நம்பகம் | மற்றதைக் கெடுக்குமா | திரும்ப முடியுமா | நேரம், டேட்டா |
|---|---|---|---|---|---|
| தனி டிஎல்எல்லை ஏதோ தளத்தில் இறக்குவது | அநேகமாகத் திரும்பும் | குறைவு | கெடுக்கலாம் | எதை எங்கே போட்டோம் என்று நினைவிருந்தால் | சில நிமிடம், சில கேபி |
| வேறு கணினியிலிருந்து நகல் | திரும்பலாம் | அந்தக் கணினியைப் பொறுத்தது | சிஸ்டம் ஃபோல்டரில் போட்டால் கெடுக்கலாம் | முடியும் | சில நிமிடம், டேட்டா வேண்டாம் |
| ரன்டைம் தொகுப்பு (மென்பொருள் ஓடத் தேவையான பொதுப் பாகங்களின் பொட்டலம்) | திரும்பாது | உயர்வு | கெடுக்காது | அன்இன்ஸ்டால் உண்டு | 10 நிமிடம், 15 முதல் 100 எம்பி |
| பழைய ஓசிஎக்ஸை (டிஎல்எல் போன்ற பாகக் கோப்பு) கைப்படப் பதிவது | சரியாகப் பதிந்தால் திரும்பாது | சிடி அசலானால் நல்லது | அரிதாக | முடியும் | 10 நிமிடம் |
| மென்பொருளை மறுபடி நிறுவுவது | திரும்பாது | உயர்வு | இல்லை | தரவு நகல் இருந்தால் | அரை மணி முதல் |
| விண்டோஸைப் பழுதுபார்ப்பது | விண்டோஸ் கோப்பு கெட்டிருந்தால் திரும்பாது | உயர்வு | இல்லை | தேவைப்படாது | 30 நிமிடம் முதல் பல மணி, 5 ஜிபிக்கு மேலும் ஆகலாம் |

## தனி டிஎல்எல்லை இறக்கிப் போடுவது

கவர்ச்சி புரிகிறது. பெயரைத் தேடினால் முதலில் வருவதே இந்தத் தளங்கள்தான். கோப்பு சில நூறு கேபி. சிஸ்டம்32 ஃபோல்டரில் ஒட்டினால் முடிந்தது என்று அங்கேயே எழுதியிருக்கும்.

முடிவதில்லை. பெட்டி ஒரு நேரத்தில் ஒரு பெயரைத்தான் சொல்லும். எம்எஸ்விசிபி140ஐப் போட்டவுடன் விசிரன்டைம்140 இல்லை என்னும். அதைப் போட்டால் விசிரன்டைம்140_1 என்னும். ஒரு தொகுப்பின் பிள்ளைகளை ஒவ்வொன்றாக ஊர்ஊராகப் போய்ப் பொறுக்கி வருவதற்குச் சமம்.

அடுத்த சிக்கல், பெயரே ஏமாற்றும். 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32 ஃபோல்டரில் இருப்பவை 64 பிட் கோப்புகள். 32 பிட் கோப்புகள் சிஸ்வாவ்64 ஃபோல்டரில் இருக்கும். தலைகீழாகத் தோன்றும், ஆனால் அப்படித்தான். 32 பிட் கோப்பைச் சிஸ்டம்32இல் போட்டுவிட்டால், ‘காணோம்’ என்ற பிழை போய் 0எக்ஸ்சி000007பி என்ற எண் வரும். இந்த எண்ணைப் பார்த்தால் யாரோ ஏற்கெனவே கைவைத்திருக்கிறார்கள், 32உம் 64உம் கலந்துவிட்டது என்று பெரும்பாலும் எடுத்துக்கொள்ளலாம்.

பழைய பதிப்பு வந்து உட்கார்ந்தால் இன்னொரு வகைப் பிழை: ‘ப்ரொசீஜர் என்ட்ரி பாயின்ட்’ கிடைக்கவில்லை. கோப்பு இருக்கிறது, ஆனால் மென்பொருள் தேடும் செயல்பாடு அந்தப் பதிப்பில் இல்லை என்று பொருள்.

2005, 2008 காலத்து எம்எஸ்விசிஆர்80, எம்எஸ்விசிஆர்90 ஆகியவற்றில் இந்த வழி சுத்தமாகப் பலிக்காது. அவை வின்எஸ்எக்ஸ்எஸ் என்ற ஃபோல்டரில், மேனிஃபெஸ்ட் என்ற குறிப்போடு சேர்ந்தே வேலை செய்பவை. கோப்பை மட்டும் கொண்டுவந்து ஒட்டினால் ஆர்6034 என்ற பிழையைக் காட்டி நிற்கும்.

மறைந்த செலவு இன்னும் பெரியது. அப்படி வந்த கோப்புக்கு விண்டோஸ் அப்டேட் வராது. அதில் பாதுகாப்பு ஓட்டை இருந்தால் கடைசிவரை இருக்கும். ஜிஎஸ்டி கடவுச்சொல்லும் வங்கிக் கணக்கும் புழங்கும் கணினியில், யார் தொகுத்தார்கள் என்று தெரியாத கோப்பை நிர்வாகி அனுமதியோடு போடுகிறோம். பல தளங்கள் ‘டிஎல்எல் ஃபிக்சர்’ என்ற பெயரில் காசு கேட்கும் மென்பொருளையும் தள்ளிவிடும். அதை நிறுவவே வேண்டாம்.

இது சரியான தேர்வாகும் நிலை ஒன்று உண்டா? மென்பொருளை எழுதியவரே தன் தளத்திலிருந்து அந்தக் கோப்பைத் தந்தால், ஆம். அப்போதும் சிஸ்டம்32இல் போடாமல், மென்பொருளின் இஎக்ஸ்இ கோப்பு இருக்கும் அதே ஃபோல்டரில் போடுங்கள். விண்டோஸ் தன் சொந்தக் கோப்புகள் சிலவற்றைத் தவிர மற்றதையெல்லாம் முதலில் அந்த ஃபோல்டரில்தான் தேடும். தவறாகப் போனாலும் பாதிப்பு அந்த ஒரு மென்பொருளோடு நிற்கும். போடுமுன் ரைட் கிளிக், ப்ராப்பர்டீஸ், ‘டிஜிட்டல் சிக்னேச்சர்ஸ்’ பகுதியைப் பாருங்கள். மைக்ரோசாஃப்ட் பெயரைச் சொல்லிவரும் ரன்டைம் கோப்பில் அந்தப் பகுதியே இல்லை என்றால் அழித்துவிடுங்கள்.

## வேறு கணினியிலிருந்து நகல் எடுப்பது

பக்கத்துக் கடைக் கணினியில் அதே மென்பொருள் ஓடுகிறது, அங்கிருந்து பென்டிரைவில் எடுத்துவரலாம் என்பது முந்தையதைவிட மேல். எங்கிருந்து வந்தது என்றாவது தெரியும். ஆனால் பதிப்பு, பிட், துணைக் கோப்புகள் என்ற மூன்று சிக்கலும் அப்படியே இருக்கின்றன. கடைகடையாகச் சுற்றும் பென்டிரைவோடு ஷார்ட்கட் வைரஸும் கூடவே வரும்.

நெட் அறவே இல்லாத தோட்டத்து ஆபீசில், அன்றைய எடை ரசீதை அடித்தே ஆக வேண்டும் என்றால் இது ஒருநாள் தாங்கும். மென்பொருள் ஃபோல்டருக்குள் மட்டும் போடுங்கள். நெட் கிடைத்ததும் அழித்துவிட்டுத் தொகுப்பை நிறுவுங்கள். அழிக்காமல் விட்டால், புதுத் தொகுப்பு வந்த பிறகும் மென்பொருள் தன் ஃபோல்டரில் கிடக்கும் பழைய கோப்பையே எடுக்கும்.

## ரன்டைம் தொகுப்பை நிறுவுவது

பத்தில் எட்டுப் பேருக்கு இதுதான் விடை என்று தயங்காமல் சொல்லலாம். பெயரைப் பார்த்தே தொகுப்பைக் கண்டுபிடிக்கும் முறை எளிது.

விஷுவல் சி++. கோப்புப் பெயரின் கடைசி எண்ணே ஆண்டைச் சொல்லும்:

| பெயரில் உள்ள எண் | தொகுப்பு |
|---|---|
| 80 | விஷுவல் சி++ 2005 |
| 90 | 2008 |
| 100 | 2010 |
| 110 | 2012 |
| 120 | 2013 |
| 140 | 2015 முதல் 2022 வரையும் அதற்குப் பின்னும், ஒரே தொகுப்பு |

2015க்குப் பிறகு வந்தவை ஒன்றுக்கொன்று பொருந்துபவை என்பதால் ஒரே தொகுப்பாக்கிவிட்டார்கள். புதியது பழையதன் இடத்தை எடுத்துக்கொள்ளும். அதற்கு முந்தையவை அப்படி அல்ல. 2022ஐ நிறுவினால் 2010 வந்துவிடாது, ஒவ்வொன்றும் தனித்தனி.

64 பிட் விண்டோஸில் எக்ஸ்86, எக்ஸ்64 இரண்டையும் நிறுவுங்கள். மிக அதிகம் பேர் சறுக்கும் இடம் இதுதான். ‘என் விண்டோஸ் 64 பிட், அதனால் எக்ஸ்64 போதும்’ என்று ஒன்றை மட்டும் போட்டுவிட்டு, அதே பிழை வருகிறது என்று திகைப்பார்கள். 32 பிட் பில்லிங் மென்பொருளுக்கு எக்ஸ்86 தொகுப்புதான் தேவை. 140க்கு இரண்டும் சேர்ந்தாலே 40 எம்பி அளவில்தான் வரும்.

நிறுவும்போது 0எக்ஸ்80070666 என்று நின்றால் பயப்பட வேண்டாம். அதைவிடப் புதிய பதிப்பு ஏற்கெனவே இருக்கிறது என்று அர்த்தம். கன்ட்ரோல் பேனலில் ‘ப்ரோகிராம்ஸ் அண்ட் ஃபீச்சர்ஸ்’ போய், அந்தத் தொகுப்பின்மேல் ‘சேஞ்ச்’, பிறகு ‘ரிப்பேர்’ கொடுங்கள். காணாமல்போன கோப்பு அதன் இடத்துக்குத் திரும்பிவிடும். முடிந்ததும் கணினியை ஒருமுறை ரீஸ்டார்ட் செய்யுங்கள்.

அதே பட்டியலில் விஷுவல் சி++ என்று எட்டு, பத்து வரிகள் நிற்பதைப் பார்த்து, ‘ஒரே சாமான் எதுக்கு இத்தனை’ என்று பழையவற்றை நீக்குபவர்கள் உண்டு. வேகம் கூடும் என்று யாரோ சொல்லியிருப்பார்கள். ஒரு வேகமும் கூடாது. பிழைப்பெட்டி பல நேரம் பிறப்பதே அந்தச் சுத்தம் செய்யும் ஞாயிற்றுக்கிழமையில்தான்.

பெயர் ‘ஏபிஐ-எம்எஸ்-வின்-சிஆர்டி’ என்று நீளமாகத் தொடங்கினால் அது யுனிவர்சல் சிஆர்டி என்ற பொதுப் பாகத் தொகுப்பு. விண்டோஸ் 10லும் 11லும் அது உள்ளேயே இருக்கிறது. விண்டோஸ் 7இல் மட்டும்தான் இந்தப் பிழை அடிக்கடி வரும். சர்வீஸ் பேக் 1 இருந்தால் கேபி2999226 என்ற அப்டேட் அதைக் கொண்டுவரும். விண்டோஸ் 7க்கு மைக்ரோசாஃப்ட் ஆதரவு 2020 ஜனவரி 14இல் முடிந்துவிட்டது. அந்தக் கணினியில் நெட் பேங்கிங் செய்பவர் டிஎல்எல்லைவிடப் பெரிய பிரச்சினையின்மேல் உட்கார்ந்திருக்கிறார். விண்டோஸ் 10க்கும் 2025 அக்டோபர் 14இல் பொது ஆதரவு முடிந்தது என்பதை நினைவில் வையுங்கள்.

டைரக்ட்எக்ஸ். டி3டிஎக்ஸ்9_43, எக்ஸ்இன்புட்1_3, எக்ஸ்ஆடியோ2_7 போன்ற பெயர்கள் விளையாட்டுகளிலும் சில வீடியோ, ஆல்பம் மென்பொருள்களிலும் வரும். ‘என்னிடம் டைரக்ட்எக்ஸ் 12 இருக்கிறதே’ என்ற கேள்வி நியாயமானது. ஆனால் இந்தப் பழைய துணைக் கோப்புகள் விண்டோஸோடு வருவதில்லை. மைக்ரோசாஃப்டின் 2010 ஜூன் தொகுப்பைத் தனியாக நிறுவ வேண்டும், ஏறத்தாழ 95 எம்பி. இதில் ஒரு பொறி இருக்கிறது. இறக்கிய கோப்பைத் திறந்தால் அது எதையும் நிறுவாது. எந்த ஃபோல்டரில் பிரித்துப்போடுவது என்றுதான் கேட்கும். காலியான ஃபோல்டர் ஒன்றைக் காட்டுங்கள். பிரித்து முடித்ததும் அதற்குள் இருக்கும் ‘டிஎக்ஸ்செட்டப்’பை ஓட்டினால்தான் நிறுவல் நடக்கும். பலர் முதல் படியிலேயே முடிந்தது என்று நினைத்துவிடுகிறார்கள். இது இப்போதுள்ள டைரக்ட்எக்ஸ் 12ஐத் தொடாது, விடுபட்டதை மட்டும் சேர்க்கும்.

டாட் நெட் 3.5. 2.0, 3.0, 3.5க்கு எழுதிய பழைய மென்பொருள்கள் எல்லாவற்றுக்கும் இது ஒன்றே. 4.8 இருக்கிறதே என்று விட முடியாது. இவை இரண்டு தனிக் குடும்பங்கள். ‘டர்ன் விண்டோஸ் ஃபீச்சர்ஸ் ஆன் ஆர் ஆஃப்’ போய் 3.5க்கு டிக் அடித்தால் விண்டோஸே இறக்கிக்கொள்ளும். வேண்டிய மூலக் கோப்புகள் கிடைக்காவிட்டால் 0எக்ஸ்800எஃப்081எஃப் என்று நிற்கும். அப்போது அதே பதிப்பு விண்டோஸின் ஐஎஸ்ஓவை (நிறுவல் டிஸ்க்கை அப்படியே ஒரே கோப்பாக்கியது) இரட்டைக் கிளிக் செய்து திறந்து, அதற்கு என்ன டிரைவ் எழுத்து வந்தது என்று பாருங்கள். ‘இ’ என்று வந்தால், நிர்வாகியாகத் திறந்த கமாண்டு ப்ராம்ப்டில் பின்வருவதை ஆங்கில எழுத்தில் ஒரே வரியாகத் தட்டுங்கள்:

டிஸ்ம் /ஆன்லைன் /எனேபிள்-ஃபீச்சர் /ஃபீச்சர்நேம்:நெட்எஃப்எக்ஸ்3 /ஆல் /சோர்ஸ்:இ:\சோர்சஸ்\எஸ்எக்ஸ்எஸ் /லிமிட்ஆக்சஸ்

ஐஎஸ்ஓ வேறு பதிப்பாக இருந்தால் அதே பிழை மறுபடி வரும்.

இன்னும் இரண்டு. ஏலப் பட்டியல் எக்செல் கோப்பை மென்பொருளுக்குள் இழுக்கும்போது ‘ஏஸ் ஓலெடிபி 12.0 ப்ரொவைடர்’ பதிவாகவில்லை என்றால் வேண்டியது ஆக்சஸ் டேட்டாபேஸ் எஞ்சின்; அது மென்பொருளின் பிட்டோடு பொருந்த வேண்டும், கணினியில் இருக்கும் ஆபீஸ் வேறு பிட்டாக இருந்தால் நிறுவ மறுக்கும். ‘எம்எஃப்ப்ளாட்’ காணோம் என்றால் யாரோ மீடியா பாகங்கள் இல்லாத ‘என்’ வகை விண்டோஸைப் போட்டுவிட்டார்கள். ‘ஆப்ஷனல் ஃபீச்சர்ஸ்’ வழியாக மீடியா ஃபீச்சர் பேக்கைச் சேர்த்தால் தீரும்.

இந்த வழியின் மறைந்த செலவு மிகக் குறைவு: சி டிரைவில் கொஞ்சம் இடம், ஒரு ரீஸ்டார்ட். கவனம் வேண்டியது ஒன்றில்தான், மைக்ரோசாஃப்டின் சொந்தத் தளத்திலிருந்தே எடுக்க வேண்டும். ‘ஆல் இன் ஒன்’ என்று யாரோ கட்டிவைத்த பொட்டலம் நல்ல நோக்கத்தோடு செய்ததாகவே இருக்கலாம், ஆனாலும் கடைக் கணினிக்கு வேண்டாம்.

## பழைய ஓசிஎக்ஸ்: கைவேலைக்கு இடமுள்ள இடம்

தொடக்கத்தில் சொன்ன விலக்கு இது. விஷுவல் பேசிக் 6இல் எழுதிய பில்லிங், கமிஷன் மண்டி, நகைக்கடை மென்பொருள்கள் இந்தப் பக்கத்தில் இன்னும் ஓடுகின்றன. எழுதியவர் தொழிலை விட்டிருப்பார், செட்டப் பாதி வேலை செய்யும், ஆனால் பதினைந்து வருடக் கணக்கு அதற்குள் இருக்கிறது. அதை மாற்றச் சொல்வது எளிது, மாற்றுவது எளிதல்ல.

அடிப்படை விபி6 கோப்பான எம்எஸ்விபிவிஎம்60 விண்டோஸ் 11லும் உள்ளேயே வருகிறது. வராதவை எம்எஸ்காம்சிடிஎல், காம்டிஎல்ஜி32 போன்ற ஓசிஎக்ஸ் கோப்புகள். ‘காம்போனென்ட் சரியாகப் பதிவாகவில்லை, கோப்பு இல்லை அல்லது செல்லாது’ என்று பெட்டி வரும். இவற்றைக் கோப்பாக வைத்தால் மட்டும் போதாது, விண்டோஸின் உள்பதிவேடான ரெஜிஸ்ட்ரியில் பதியவும் வேண்டும்.

செய்முறை இது. மென்பொருளோடு வந்த அசல் சிடியிலோ செட்டப் ஃபோல்டரிலோ இருக்கும் ஓசிஎக்ஸை எடுங்கள். 64 பிட் விண்டோஸில் சிஸ்வாவ்64 ஃபோல்டருக்கும், 32 பிட் விண்டோஸில் சிஸ்டம்32க்கும் நகலெடுங்கள். அதே பெயரில் ஏற்கெனவே ஒன்று இருந்தால் மேலெழுதாதீர்கள். ப்ராப்பர்டீஸில் ‘டீட்டெய்ல்ஸ்’ பார்த்து எது புதிய பதிப்போ அதையே வையுங்கள். கமாண்டு ப்ராம்ப்டை ‘ரன் அஸ் அட்மினிஸ்ட்ரேட்டர்’ கொடுத்துத் திறந்து, சிஸ்வாவ்64 ஃபோல்டருக்குள் போய், அங்கிருக்கும் ரெக்எஸ்விஆர்32ஐ ஓசிஎக்ஸ் பெயரோடு ஓட்டுங்கள். ‘சக்சீடட்’ என்று பெட்டி வந்தால் முடிந்தது.

வராவிட்டால் அந்தப் பெட்டியே காரணத்தைச் சொல்லும். 0எக்ஸ்8002801சி அல்லது 0எக்ஸ்80070005 என்றால் நிர்வாகியாகத் திறக்கவில்லை. ‘மாட்யூல் ஏற்றப்படவில்லை’ என்றால் பாதை தவறு, அல்லது அது சார்ந்திருக்கும் இன்னொரு கோப்பு இல்லை. ‘டிஎல்எல்ரெஜிஸ்டர்சர்வர் என்ட்ரி பாயின்ட் கிடைக்கவில்லை’ என்றால் அந்தக் கோப்பு பதிவு செய்யும் வகையே அல்ல. எம்எஸ்விசிபி140ஐ ரெக்எஸ்விஆர்32இல் பதியப் பார்த்தால் இதுதான் வரும். அதற்குப் பதிவே தேவையில்லை.

இந்த வழியின் மறைந்த விலை பாதுகாப்பு. பழைய எம்எஸ்காம்சிடிஎல்லில் இருந்த ஓட்டையை வைரஸ் எழுதுபவர்கள் பெரிய அளவில் பயன்படுத்தினார்கள். மைக்ரோசாஃப்ட் 2012 ஏப்ரலில் எம்எஸ்12-027 என்ற திருத்தத்தை வெளியிட்டது. 2005இல் எரித்த சிடியில் இருப்பது திருத்தத்துக்கு முந்தையது. அந்தக் கணினியில் மெயில் அட்டாச்மென்ட் எதையும் திறக்காதீர்கள். முடிந்தால் பில்லுக்கு மட்டும் அதை வைத்து, நெட் வேலைக்கு வேறு கணினி வையுங்கள்.

## மென்பொருளையே மறுபடி நிறுவுவது

பிழைப்பெட்டி சொல்லும் யோசனையே இது. பெயர் மைக்ரோசாஃப்ட் கோப்பைப் போல் இல்லாமல், அந்த மென்பொருளின் சொந்தப் பெயரைப் போல் இருந்தால் இதுவே முதல் தேர்வு. அந்தக் கோப்பு வேறெங்கும் கிடைக்காது. ரிப்போர்ட் தயாரிக்கும் கிரிஸ்டல் ரிப்போர்ட்ஸ் சம்பந்தமான பிழைக்கும் முதலில் செட்டப்பை மறுபடி ஓட்டிப் பாருங்கள், பல செட்டப்புகளில் அந்த ரன்டைமும் உள்ளே இருக்கும்.

ஆனால் அன்இன்ஸ்டால் பொத்தானைத் தொடுமுன் கணக்கு எங்கே இருக்கிறது என்று கண்டுபிடியுங்கள். பழைய மென்பொருள்கள் பல, தரவுக் கோப்பைத் தங்கள் ஃபோல்டருக்குள்ளேயே வைத்திருக்கும். நீக்கும்போது சில அதையும் சேர்த்து வாரிக்கொண்டு போகும். முழு ஃபோல்டரையும் வேறு டிரைவில் ஒரு நகல், பென்டிரைவில் இன்னொரு நகல், பிறகுதான் நிறுவல். பல நேரம் நீக்கவே தேவையில்லை, அதன்மேலேயே செட்டப்பை ஓட்டினால் போதும். லைசென்ஸ் கணினியோடு பூட்டியதா, மறுபடி கீ கேட்குமா என்பதையும் முன்கூட்டியே கேட்டுக்கொள்ளுங்கள். சனிக்கிழமை மாலை ஆறு மணிக்கு அதைக் கண்டுபிடிக்க வேண்டாம்.

## விண்டோஸைப் பழுதுபார்ப்பது

ஒன்றல்ல, சம்பந்தமில்லாத பல மென்பொருள்கள் ஒரே நாளில் நின்றால், அல்லது விண்டோஸின் சொந்தக் கருவிகளே திறக்காவிட்டால், பழுது அடித்தளத்தில் இருக்கிறது. ஆடி மழையில் மலையில் மரம் சாய்ந்து கரண்டு போகும். யுபிஎஸ் பேட்டரி மாற்றி மூன்று வருடம் ஆகியிருக்கும். அப்டேட் நடுவில் கணினி அணையும். கோப்பு கெடுவது இப்படித்தான்.

நிர்வாகி கமாண்டு ப்ராம்ப்டில் முதலில் டிஸ்ம் கருவியில் ‘ரெஸ்டோர்ஹெல்த்’, அது முடிந்ததும் எஸ்எஃப்சி ‘ஸ்கேன்நௌ’. இரண்டும் விண்டோஸோடு வரும் பழுதுபார்க்கும் கருவிகள். எஸ்எஃப்சி நல்ல கோப்பை எடுப்பது டிஸ்ம் சரிசெய்து வைக்கும் களஞ்சியத்திலிருந்து என்பதால் இந்த வரிசை. டிஸ்ம் 62.3 சதவீதத்தில் உறைந்ததுபோல் நிற்கும், ஹார்ட்டிஸ்க் கணினியில் வெகுநேரம் நிற்கும். விட்டுவிடுங்கள், அணைக்காதீர்கள்.

எஸ்எஃப்சி விண்டோஸின் சொந்தக் கோப்புகளைத்தான் பார்க்கும். விஷுவல் சி++ 2010 இல்லை என்ற பிழைக்கு மூன்று தடவை ஸ்கேன் ஓட்டினாலும் ‘எல்லாம் நலம்’ என்றே சொல்லும், உண்மையும் அதுதான்.

இதிலும் சரியாகாவிட்டால் ஐஎஸ்ஓவைத் திறந்து, ஓடிக்கொண்டிருக்கும் விண்டோஸுக்குள்ளிருந்தே செட்டப்பை ஓட்டி, கோப்புகளையும் ஆப்களையும் வைத்துக்கொள்ளும் தேர்வைக் கொடுங்கள். சி டிரைவில் 20 ஜிபியாவது காலி வேண்டும். ஃபார்மட் அடிப்பதற்கும் இதற்கும் வித்தியாசம் பெரிது. ஃபார்மட்டில் போவது விண்டோஸ் மட்டும் அல்ல. பிரிண்டர் டிரைவர், டிஜிட்டல் சிக்னேச்சர் டோக்கனின் மென்பொருள், தமிழ் பாமினியும் மலையாள ஃபாண்டுகளும் கலந்து வைத்த டிடிபி அமைப்பு, பூட்டிய லைசென்ஸ்கள், எல்லாம் போகும். திருப்பி அமைக்க ஒரு முழுநாள் ஆகும். ஒரு டிஎல்எல்லுக்காக ஃபார்மட் அடிக்கச் சொல்பவரிடம் காரணம் கேளுங்கள்.

## பென்டிரைவில் என்ன இருக்க வேண்டும்

16 ஜிபி பென்டிரைவ் ஒன்று போதும். விஷுவல் சி++ 2005 முதல் 140 வரை ஒவ்வொன்றிலும் எக்ஸ்86, எக்ஸ்64. டைரக்ட்எக்ஸ் 2010 ஜூன் தொகுப்பு. கடையில் ஓடும் பதிப்புக்குரிய விண்டோஸ் ஐஎஸ்ஓ. பில்லிங் மென்பொருளின் செட்டப்பும் அதன் ஓசிஎக்ஸ்களும். ஐஎஸ்ஓ 4 ஜிபியைத் தாண்டும் என்பதால் பென்டிரைவை எஃப்ஏடி32இல் வைக்காதீர்கள், நகலெடுக்கும்போது நின்றுவிடும்; எக்ஸ்ஃபேட் அல்லது என்டிஎஃப்எஸ் வையுங்கள். கம்பத்தில் நல்ல நெட் இருக்கும் இடத்தில் இதையெல்லாம் ஒருமுறை இறக்கி வைத்துக்கொண்டால், மேலே மலையில் சிக்னல் ஒற்றைக்கோடாக நிற்கும் நாளிலும் பில் ஓடும். 140 தொகுப்பை மட்டும் ஆறு மாதத்துக்கு ஒருமுறை புதிதாக இறக்கி மாற்றுங்கள். அது இன்னும் புதுப்பிக்கப்பட்டுக்கொண்டே இருக்கிறது, மற்ற பழையவை மாறப்போவதில்லை.